காப்பி தேர்ந்தெடுத்த கருவிகள்: வட ஆற்காட்டுக் கடைகளில் கிராக் மென்பொருளும் அதன் கணக்கும்

வேலூர் பழைய பஸ் ஸ்டாண்டைச் சுற்றியிருப்பது போன்ற ஒரு சின்ன டிடிபி கடையை எடுத்துக்கொள்வோம். இரண்டு கணினி, ஒரு லேசர் பிரிண்டர், ஒரு ஜெராக்ஸ் மெஷின். கணினியின் செட்டிங்ஸில் ஆக்டிவேஷன் பக்கத்தைத் திறந்தால், 'உங்கள் நிறுவனத்தின் ஆக்டிவேஷன் சர்வீஸ் மூலம் விண்டோஸ் ஆக்டிவேட் செய்யப்பட்டது' என்ற பொருளில் ஆங்கிலத்தில் ஒரு வரி நிற்கும். கடைக்காரருக்கு நிறுவனம் என்று ஒன்று கிடையாது. கடை வாடகைக்கு. பிறகு அந்த வரி சொல்லும் நிறுவனம் யாருடையது?

நூற்றுக்கணக்கில் கணினி வைத்திருக்கும் அலுவலகங்களுக்காக மைக்ரோசாப்ட் வைத்த ஏற்பாடு கேஎம்எஸ். ஒவ்வொரு கணினிக்கும் தனித்தனியாகச் சாவி போடுவதற்குப் பதில், அலுவலகத்துக்குள்ளேயே ஒரு சர்வர் 1688 என்ற போர்ட்டில் காத்திருக்கும். குறைந்தது 25 கணினிகள் வந்து கேட்டால்தான் அது விண்டோஸை ஆக்டிவேட் செய்யத் தொடங்கும். ஒருமுறை கிடைத்த அனுமதி 180 நாள் செல்லும். கணினி 7 நாளுக்கு ஒருமுறை சர்வரைத் தேடிப்போய் அதைப் புதுப்பித்துக்கொள்ளும். உரிமம் வாங்காமலே விண்டோஸை ஓட வைக்கும் கிராக் ஆக்டிவேட்டர் இந்த ஏற்பாட்டைத்தான் நடிக்கிறது. கணினிக்குள்ளேயே ஒரு பொய் சர்வரை உட்கார வைக்கும், அல்லது இணையத்தில் யாரோ நடத்தும் சர்வரின் முகவரியைக் கணினியில் எழுதிவிடும். 180 நாளில் தீர்ந்துபோகாமல் இருக்க, குறித்த நேரத்தில் புரோகிராமை ஓட்டும் டாஸ்க் ஷெட்யூலரில் தானே ஒரு வேலையைப் பதிந்துகொள்ளும். ஆன்டிவைரஸ் பிடித்துவிடாமல் இருக்க, தான் இருக்கும் ஃபோல்டரைச் சோதிக்க வேண்டாம் என்று விண்டோஸின் சொந்த ஆன்டிவைரஸான டிஃபெண்டரில் விலக்கு எழுதி வைக்கும். பல கடைகளில் அதோடு விண்டோஸ் அப்டேட்டும் நிறுத்தப்படும்.

ஆக, அட்மினிஸ்ட்ரேட்டர் உரிமையோடு, யார் எழுதியது என்று தெரியாத ஒரு புரோகிராம், காவல்காரனைத் திரும்பிப் படுக்கச் சொல்லிவிட்டு அந்தக் கணினியில் குடியிருக்கிறது. கடைக்காரர் இதைக் கேட்டு வாங்கவில்லை. அசெம்பிள் செய்த கணினியின் விலைப்பட்டியலில் மதர்போர்டு, ராம், எஸ்எஸ்டி, கேபினெட், மானிட்டர் என்று வரிவரியாக இருக்கும், விண்டோஸுக்கு மட்டும் வரி இருக்காது. 'ஓஎஸ் போட்டுக் கொடுத்தாச்சு' என்று வாய்மொழியாக முடிந்துவிடும். சில நூறு ரூபாய் சர்வீஸ் சார்ஜில் அது அடங்கிவிடும். நம் ஊரில் கிராக் மென்பொருளை யாரும் சரக்காக விற்பதில்லை, அது கூலிக்குள் ஒளிந்து வருகிறது. அதனால்தான் 'நான் திருட்டு மென்பொருள் பயன்படுத்துகிறேன்' என்ற எண்ணமே பலருக்கு வருவதில்லை.

இதில் மிக வருத்தமான ஒரு வகை உண்டு. கடையில் வாங்கிய லேப்டாப்பில் விண்டோஸ் ஹோம் ஏற்கெனவே இருந்திருக்கும். அதன் சாவி மதர்போர்டில் பதிந்திருக்கும் பயாஸ் என்ற அடிப்படை நிரலிலேயே எழுதப்பட்டிருக்கும். இரண்டு வருடம் கழித்து லேப்டாப் மெதுவாகிவிட்டது என்று சர்வீஸுக்குக் கொடுத்தால், கையில் இருக்கும் பென்டிரைவிலிருந்து விண்டோஸ் புரோ போட்டு, ஆக்டிவேட்டரை ஓட்டிக் கொடுத்துவிடுகிறார்கள். பயாஸில் இருப்பது ஹோம் சாவி, அது புரோவுக்குப் பொருந்தாது. காசு கொடுத்து வாங்கிய உரிமை பெட்டிக்குள்ளேயே கிடக்க, மேலே கிராக் ஓடுகிறது.

எப்படி இந்த நிலைக்கு வந்தோம்

மென்பொருள் காப்பி பற்றிய சண்டை கணினிக் கடைகளுக்கும் மூத்தது. ஆல்டேர் என்ற பொழுதுபோக்குக் கணினிக்குத் தாங்கள் எழுதிய பேசிக் மொழியைக் காகித நாடாவில் ஆளாளுக்குக் காப்பி எடுத்துப் பகிர்ந்ததைக் கண்டித்து, 1976 பிப்ரவரியில் பில் கேட்ஸ் ஒரு திறந்த மடல் எழுதினார். வந்த ராயல்டியைச் செலவிட்ட நேரத்தால் வகுத்தால் மணிக்கு 2 டாலர்கூடத் தேறவில்லை என்பது அதில் அவர் காட்டிய கணக்கு. 22 ஆண்டு கழித்து, 1998இல் ஒரு பல்கலைக்கழக மேடையில் சீனாவைப் பற்றிப் பேசும்போது அவரே வேறு கணக்குச் சொன்னார்: திருடத்தான் போகிறார்கள் என்றால் எங்களுடையதைத் திருடட்டும், பழகிவிடுவார்கள், பிறகு எப்படி வசூலிப்பது என்று பார்த்துக்கொள்ளலாம் என்ற பொருளில்.

இந்த இரண்டாவது கணக்கு நம் பக்கம் அப்படியே பலித்தது. பழைய வட ஆற்காடு இன்று வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர், திருவண்ணாமலை என நான்கு மாவட்டம். இதன் சிற்றூர்களில் தட்டச்சுப் பயிலகங்கள் கம்ப்யூட்டர் சென்டர்களாக மாறிய காலத்தில், எந்த மென்பொருளைக் கற்பிப்பது என்பதைப் பாடத்திட்டம் முடிவு செய்யவில்லை. எந்த சிடி கைக்குக் கை வந்ததோ, அதுவே பாடமானது. சென்னை ரிச்சி தெருவுக்குப் போய் உதிரி பாகம் வாங்கி வருபவர் கொண்டுவந்த சிடி காட்பாடியில் காப்பியாகி, குடியாத்தத்தில் காப்பியாகி, போளூர் வரை போனது. பேஜ்மேக்கர், போட்டோஷாப், கோரல்டிரா, டேலி, ஆட்டோகேட். இந்த ஐந்து பெயரும் அப்படித்தான் வேலை விளம்பரங்களில் ஏறின. விலை கொடுத்து வாங்க வேண்டியிருந்தால் ஆற்காட்டில் ஒரு சின்ன அச்சகம் நாலு மென்பொருளை ஒப்பிட்டுப் பார்த்திருக்கும். எல்லாமே விலை பூஜ்யம் என்று ஆனபோது, ஒப்பிட ஒன்றும் இல்லாமல் போயிற்று.

கட்டற்ற மென்பொருள்காரர்கள் கிராக்கை ஏன் இவ்வளவு கடுமையாக எதிர்க்கிறார்கள் என்பது இங்கேதான் புரியும். வெளியிலிருந்து பார்ப்பவர்கள் இரண்டு கூட்டத்தையும் 'ஓசிக்காரர்கள்' என்று ஒன்றாகச் சேர்த்துவிடுவார்கள். 1983இல் ரிச்சர்ட் ஸ்டால்மன் கட்டற்ற இயங்குதளம் ஒன்றை எழுத குனு திட்டத்தை அறிவித்தபோது முன்வைத்தது, மென்பொருளைக் காப்பி எடுக்கவும் மாற்றவும் உரிமம் மூலமாகவே உரிமை தருவதை. கிராக் அந்த உரிமையைத் தருவதில்லை, விலையை மட்டும் மறைக்கிறது. கட்டற்ற இயங்குதளமான லினக்ஸும் போட்டோஷாப்பும் ஒரே விலை, அதாவது பூஜ்யம் என்றால், லினக்ஸ் பக்கம் வர எவருக்கும் காரணமில்லை. ஆள் வராவிட்டால் தமிழ் எழுத்து உடைகிறது, இந்த பிரிண்டர் வேலை செய்யவில்லை என்று புகார் சொல்லவும் ஆள் இல்லை. புகார் வராவிட்டால் பிழை திருந்தாது. கணியம் என்ற இணைய இதழ் 2012 முதல் தமிழிலேயே இந்த மென்பொருள்களைச் சொல்லிக்கொடுத்து வருகிறது. பக்கத்து விழுப்புரத்தில் லினக்ஸ் பயனர் குழு ஒன்று கிராமத்து மாணவர்களிடம் இதைக் கொண்டுபோகிறது. ஆனாலும் அச்சகத் தொழிலுக்குள் இவை நுழையத் தாமதமானதற்கு முதல் காரணம், எதிரே நின்ற விலையில்லாத பேஜ்மேக்கர்.

வாதங்கள்

இணையக் குழுக்களில் இந்தப் பேச்சு எழும்போதெல்லாம் முதலில் வருவது, 'சைக்கிளைத் திருடினால் சைக்கிள் போய்விடும். காப்பி எடுத்தால் அசல் அங்கேயே இருக்கிறதே, இது எப்படித் திருட்டு?' என்ற கேள்வி. நியாயமான கேள்வி. சட்டமும் இதைத் திருட்டு என்ற பிரிவில் வைக்கவில்லை, பதிப்புரிமை மீறல் என்கிறது. மென்பொருள் கூட்டமைப்பான பிஎஸ்ஏ, 2017இல் இந்தியாவில் நிறுவப்பட்ட மென்பொருளில் 56 சதவீதம் உரிமம் இல்லாதது என்று சொன்னது. அத்தோடு அதற்கு ஒரு பெரிய வணிக மதிப்பும் போட்டது. கிராக் கிடைக்காமல் போயிருந்தால் அத்தனை பேரும் முழு விலை கொடுத்து வாங்கியிருப்பார்கள் என்று எடுத்துக்கொண்டால்தான் அந்த மதிப்பு முழுவதும் இழப்பாகும். வாலாஜாவில் மாதம் சில ஆயிரம் மிச்சம் பார்க்கும் கடைக்காரர் வாங்கியிருக்க மாட்டார்.

ஆனால் இந்த வாதம் ஓர் இடத்தில் உடைகிறது. அது தமிழ் எழுத்துருக்களின் கதை. தமிழில் 247 எழுத்து. கொம்பு, கால், சுழி என்று பிரித்துக்கொண்டாலும், உகர ஊகார எழுத்துகள் ஒவ்வொன்றையும் தனியாகத்தான் வரைய வேண்டும். ஒரு குடும்ப எழுத்துரு என்றால் சாதாரணம், தடிமன், சாய்வு என்று மூன்று மடங்கு வேலை. 1990களில் இதைச் செய்தவர்கள் பெரும்பாலும் சிறு தமிழ் நிறுவனங்களும் தனி ஆட்களும்தான். அவர்கள் வைத்த பூட்டு டாங்கிள் என்ற சிறு கட்டை. கணினியின் பின்பக்கம் பிரிண்டர் போர்ட்டில் அதைச் செருகினால்தான் மென்பொருள் ஓடும். எழுத்துருக் கோப்பை மட்டும் உருவி எடுத்துக்கொண்டால் டாங்கிளே தேவையில்லை என்பது கொஞ்ச நாளிலேயே தெரிந்துவிட்டது. அதன் பிறகு கல்யாணப் பத்திரிகை முதல் கட்சி நோட்டீஸ் வரை அந்த எழுத்துகள் அச்சாயின, வரைந்தவருக்கு ஒன்றும் போகவில்லை. 'பணக்கார அமெரிக்கக் கம்பெனிதானே' என்று சொல்லித் தேற்றிக்கொள்ள இங்கே வழியில்லை. காப்பி எடுக்கும் கைக்கு மைக்ரோசாப்ட் இருக்கும் ரெட்மண்டும் நம் கோடம்பாக்கமும் ஒன்றுதான். தமிழில் நல்ல எழுத்துரு வரைந்து பிழைக்க முடியாது என்ற நிலையை நாமே உண்டாக்கினோம் என்று சொல்வதில் தயக்கம் வேண்டியதில்லை.

அதே டாங்கிள் எதிர்த்தரப்புக்கும் ஒரு நல்ல வாதத்தைக் கொடுத்தது. கட்டை பழுதானால் காசு கொடுத்து வாங்கியவரின் வேலை நின்றுபோகும். கிராக் வைத்திருப்பவருக்கு ஒரு தொல்லையும் இல்லை. பூட்டு நேர்மையானவரையே அதிகம் தண்டிக்கிறது என்ற புகாருக்கு இன்று வரை சரியான பதில் வரவில்லை.

விலை கட்டுப்படியாகவில்லை என்ற வாதத்தின் முகம் 2013இல் மாறியது. அதுவரை அடோபியின் மென்பொருளை ஒருமுறை வாங்கினால் காலத்துக்கும் ஓட்டலாம். 2012இல் வந்த சிஎஸ்6தான் அப்படி விற்ற கடைசித் தொகுப்பு. பிறகு எல்லாமே மாதச் சந்தா. பத்திரிகை அடிக்கும் கடைக்கு வருமானம் மாதாமாதம் ஒரே மாதிரி வருவதில்லை. தையிலும் வைகாசியிலும் இரவு முழுக்க வேலை ஓடும், ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தம் இல்லை. சந்தா அந்த மாதங்களிலும் கேட்கும். 'வாங்கவும் விடமாட்டேன், வாடகைக்கு மட்டும்தான்' என்ற இந்த ஏற்பாட்டுக்கு எதிரான கோபத்தில் நியாயம் இருக்கிறது. அந்தக் கோபம் கிராக்கை நியாயப்படுத்துகிறதா என்றால், ஒருமுறை விலையில் கிடைக்கும் மாற்று மென்பொருள்கள் பக்கம் திரும்பியும் பார்க்காதவரை இல்லை என்பதே எங்கள் எண்ணம்.

பழைய மென்பொருள் பற்றிய வாதம் தனி. பேஜ்மேக்கரின் கடைசிப் பதிப்பான 7.0 வந்தது 2001இல். கம்பெனியே கைகழுவிய பிறகு யாருக்கு நஷ்டம் என்பார்கள். இந்தியச் சட்டத்தில் கணினி நிரல் இலக்கியப் படைப்பின் கீழ் வருகிறது. ஆசிரியர் இறந்து 60 ஆண்டு வரை உரிமை நிற்கும். விற்பனையை நிறுத்தியதால் அது பொதுச் சொத்தாகிவிடாது. 2013 ஜனவரியில் அடோபி பழைய சிஎஸ்2 தொகுப்பின் ஆக்டிவேஷன் சர்வரை மூடியபோது, ஏற்கெனவே வாங்கியவர்களுக்காகச் சாவியோடு டவுன்லோடு பக்கம் ஒன்றைத் திறந்தது. 'போட்டோஷாப் இலவசம்' என்று அந்தச் செய்தி உலகம் முழுக்கப் பரவியது. உரிமம் அப்படிச் சொல்லவில்லை, பக்கம் மட்டும் எல்லாருக்கும் திறந்திருந்தது. இன்னமும் பலர் அதை நம்பி ஓட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

மாணவர் வாதத்தில் அதிகம் சண்டை தேவையில்லை. ஆட்டோகேட் மாணவர்களுக்கு இலவசமாகவே கிடைக்கிறது. படிக்கும்போது கிராக் போடுவதற்கு இன்று காரணம் சோம்பல் மட்டுமே.

'சுத்தமான கிராக்' என்ற நம்பிக்கை

காப்பி பகிரும் குழுக்களுக்குள் ஓர் ஒழுங்கு உண்டு. யார் பதிவேற்றியது என்று பார்ப்பார்கள், பழைய பெயருக்கு மதிப்பு அதிகம். இலவசமாகக் கிடைத்ததைக் காசுக்கு விற்பவரை வெறுப்பார்கள். கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் கைரேகை போன்ற ஹாஷ் எண்ணை ஒப்பிடச் சொல்வார்கள். இவையெல்லாம் அந்த வட்டத்துக்குள் ஓரளவு வேலை செய்யும். நம் கடைக்கு வரும் பென்டிரைவ் அந்த வட்டத்திலிருந்து நேராக வருவதில்லை. அது பத்துக் கை மாறி, ஒரு டெலிகிராம் சேனல் வழியாக, யூடியூப் வீடியோவின் கீழே கொடுத்த லிங்க் வழியாக வருகிறது. ஹாஷ் ஒத்துப்போனால், பதிவேற்றியவர் போட்ட அதே கோப்புதான் இது என்று மட்டும் தெரியும். அவர் போட்டதில் என்ன இருக்கிறது என்று தெரியாது.

'ஆன்டிவைரஸ் கத்தும், அது பொய் எச்சரிக்கை, ஆஃப் செய்துவிட்டு ஓட்டு' என்ற அறிவுரைதான் எல்லாவற்றிலும் ஆபத்து. அதில் பாதி உண்மை இருப்பதால்தான் ஆபத்து. இன்னொரு புரோகிராமின் நினைவகத்தில் கைவைத்து மாற்றுவது கிராக்கின் வேலை, வைரஸின் வேலையும் அதுதான். நல்ல நோக்கத்தோடு எழுதிய கிராக்கைப் பார்த்தாலும் ஆன்டிவைரஸ் கத்தத்தான் செய்யும். விளைவு, உண்மையான வைரஸைப் பார்த்துக் கத்தினாலும் கேட்கக் காது இல்லை. 1234 என்று பாஸ்வேர்டு போட்ட சுருக்கக் கோப்பாக வந்தால் கூடுதல் எச்சரிக்கை தேவை. பாஸ்வேர்டு இருந்தால் ஆன்டிவைரஸால் உள்ளே பார்க்க முடியாது, அதற்காகவே போடுகிறார்கள்.

இப்படி வந்ததில் சிறு கடைகளை அதிகம் அடித்தது ஸ்டாப் அல்லது டிஜேவியூ என்ற ரான்சம்வேர், அதாவது கோப்புகளைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும் வைரஸ். 2018இலிருந்து பரவியது, முக்கியமாக கிராக் கோப்புகளிலும், பொய்ச் சாவி உருவாக்கும் கீஜென் கோப்புகளிலும் ஏறித்தான். எல்லாக் கோப்பின் பின்னாலும் புதிதாக நாலெழுத்து ஒட்டிக்கொள்ளும். ஒவ்வொரு ஃபோல்டரிலும் ஒரு மிரட்டல் குறிப்பு கிடக்கும். வழக்கமாகக் கேட்ட தொகை 980 டாலர், 72 மணி நேரத்துக்குள் என்றால் 490. இதன் உள்வேலை தெரிந்தால் கொஞ்சம் மீட்கலாம். வேகமாக முடிக்க வேண்டும் என்பதால் இது ஒவ்வொரு கோப்பிலும் முதல் 150 கிலோபைட் அளவை மட்டும் பூட்டும். அதனால் கல்யாண வீடியோ போன்ற பெரிய கோப்பில் பெரும்பகுதி அப்படியே இருக்கும், பழுது பார்க்கும் கருவிகளால் மீட்க வாய்ப்புண்டு. விசிட்டிங் கார்டு, கடிதம், மனு போன்ற சின்னக் கோப்புகள் அந்த அளவுக்குள்ளேயே அடங்குவதால் முழுசாகப் போய்விடும். டிடிபி கடையின் உயிர் சின்னக் கோப்புகளில்தான் இருக்கிறது.

அடுத்துப் பார்க்க வேண்டியது மிரட்டல் குறிப்பில் இருக்கும் அடையாள எண். அது 'டி1' என்று முடிந்தால், பூட்டும் நேரத்தில் வைரஸால் தன் சர்வரைத் தொடர்புகொள்ள முடியாமல், கையில் வைத்திருந்த பொதுச் சாவியைப் பயன்படுத்தியது என்று பொருள். அந்தச் சாவி கண்டுபிடிக்கப்பட்டிருந்தால் எம்சிசாஃப்ட் நிறுவனம் 2019 அக்டோபரில் வெளியிட்ட இலவசக் கருவி திறந்துவிடும். வேறு எப்படி முடிந்தாலும் இன்றைக்குப் பெரும்பாலும் வழியில்லை. பதற்றத்தில் டிஸ்க்கை ஃபார்மேட் செய்துவிடாதீர்கள். அதைக் கழற்றி, மிரட்டல் குறிப்போடு அப்படியே எடுத்து வையுங்கள். சைபர் குற்ற உதவி எண்ணான 1930க்குப் புகார் சொல்லுங்கள். கோப்பைப் பூட்டுவதோடு இது நிற்பதும் இல்லை. பல நேரம் பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளை அள்ளிக்கொண்டு போகும் இன்னொரு புரோகிராமையும் இறக்கிவிடும். அதனால் சுத்தமான வேறொரு கணினியிலிருந்து எல்லாப் பாஸ்வேர்டையும் மாற்ற வேண்டும்.

இந்தக் கடைசி விஷயம் வேலூருக்கு மிக முக்கியம். சிஎம்சி மருத்துவமனையைச் சுற்றியுள்ள தோட்டப்பாளையம், காந்தி சாலை பக்கம் வங்காளத்திலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் வடகிழக்கிலிருந்தும் வந்து மாதக்கணக்கில் லாட்ஜில் தங்கும் நோயாளிக் குடும்பங்கள் நிறைய. ரிப்போர்ட் பிரிண்ட் எடுக்க, ரயில் டிக்கெட் போட, ஊரிலிருந்து பணம் வந்ததா என்று பார்க்க, அவர்கள் போவது பக்கத்து பிரவுசிங் சென்டருக்கு. ஆதார், பேங்க் பாஸ்வேர்டு, நோயின் விவரம் எல்லாம் அந்த ஒரு கணினியில் கடந்துபோகிறது. அதில் கிராக் ஓடினால் நஷ்டப்படுவது கடைக்காரர் மட்டும் இல்லை. இணைய வாதங்களில் இந்த மூன்றாவது ஆள் வருவதே இல்லை. கம்பெனி ஒரு பக்கம், பயனர் மறுபக்கம் என்று இரண்டு பேரை வைத்தே பேச்சு முடிந்துவிடுகிறது.

கணக்கும் சட்டமும்

டேலி விஷயத்தில் சிக்கல் வேறு மாதிரி. உரிமம் இல்லாமல் ஓட்டினால் அது எஜுகேஷனல் மோடில் திறக்கும். மாதத்தின் 1, 2, 31 ஆகிய தேதிகளில் மட்டும் வவுச்சர் போடலாம். கற்றுக்கொள்ள அது போதும், இதற்குக் கிராக் தேவையே இல்லை. தொழிலுக்கு கிராக் போட்டவர்கள் பழைய பதிப்பிலேயே தேங்கி நிற்கிறார்கள். 2017 ஜூலையில் ஜிஎஸ்டி வந்த பிறகு விதிகள் மாறிக்கொண்டே இருக்கின்றன, அப்டேட் இல்லாத மென்பொருளில் ஒவ்வொரு மாற்றத்தையும் எக்செலில் கையால் சரிக்கட்ட வேண்டியிருக்கிறது. 2023 ஏப்ரல் 1 முதல், கம்பெனிச் சட்டத்தில் பதிவான எந்த நிறுவனமும், ஒவ்வொரு திருத்தத்தையும் யார், எப்போது செய்தார் என்று பதிவு செய்கிற, அந்தப் பதிவை நிறுத்த முடியாத மென்பொருளில்தான் கணக்கு எழுத வேண்டும். ஆடிட்டர் தன் அறிக்கையில் இதைச் சொல்லியாக வேண்டும். தனி உரிமையாளர் கடைக்கு இந்த விதி இல்லை. ஆனால் ஆம்பூரிலும் பேரணாம்பட்டிலும் பிரைவேட் லிமிடெட்டாக நடக்கும் தோல் நிறுவனங்களுக்கு உண்டு. பழைய கிராக் பதிப்பில் இந்த வசதி கிடையாது.

தோல் ஏற்றுமதிக்கு இன்னொரு கதவும் திறந்திருக்கிறது. அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலம் 2011இல் ஒரு சட்டம் போட்டது. திருட்டு மென்பொருளைப் பயன்படுத்திச் செய்த பொருளை அங்கே விற்றால், மென்பொருள் எந்த நாட்டில் ஓடினாலும், உற்பத்தியாளர் மேல் வழக்குப் போடலாம். 2013 ஜனவரியில் கலிஃபோர்னியாவின் அட்டர்னி ஜெனரல் ஓர் இந்திய ஆடை உற்பத்தி நிறுவனத்தின் மேல் இதே காரணத்துக்காக வழக்குத் தொடுத்தார். காலணியின் பேட்டர்னைக் கணினியில் வரையும் கேட் (CAD) மென்பொருளுக்கும், கணக்குப் பிரிவின் ஆபீஸ் தொகுப்புக்கும் உரிமம் கேட்டு வெளிநாட்டு வாங்குநர் ஆவணம் கோரினால் அதன் பின்னணி இதுதான்.

உள்ளூர்ச் சட்டம்: 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவு, தெரிந்தே கிராக் மென்பொருளைப் பயன்படுத்தினால் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம் என்கிறது. லாபத்துக்காகவோ தொழிலிலோ பயன்படுத்தவில்லை என்றால் நீதிமன்றம் சிறையைத் தவிர்த்து 50,000 வரை அபராதம் மட்டும் விதிக்கலாம். 'எல்லாரும் ஒன்றுதானே' என்ற பேச்சுக்கு இதுவே பதில். வீட்டில் படிக்கும் பிள்ளையையும் பில் போடும் கடையையும் சட்டம் வேறாகத்தான் பார்க்கிறது. 64ஆம் பிரிவின்படி சப்-இன்ஸ்பெக்டர் நிலையிலிருந்து மேலே உள்ள அதிகாரி வாரண்ட் இல்லாமலே பிரதிகளைக் கைப்பற்றலாம். சட்டபூர்வமாக வாங்கிய மென்பொருளுக்கு பேக்அப் காப்பி எடுப்பது குற்றமில்லை, 52ஆம் பிரிவு அதை வெளிப்படையாகவே அனுமதிக்கிறது.

மாறுவது எப்படி

ஒரே நாளில் எல்லாவற்றையும் மாற்ற முயன்ற கடைகள் ஒரு வாரத்தில் பழையதுக்கே திரும்பிவிடுகின்றன. வரிசை முக்கியம். முதலில் வேலைக் கோப்புகளை மட்டும் ஒரு வெளி ஹார்டு டிஸ்க்கில் எடுத்து, டிஸ்க்கைக் கழற்றி வையுங்கள். புரோகிராம் கோப்பு ஒன்றைக்கூட அதில் சேர்க்க வேண்டாம். கிராக்கை மட்டும் நீக்கிவிட்டு அதே விண்டோஸைத் தொடர்வதில் பயனில்லை. கூடவே எது குடியேறியது என்று யாருக்கும் தெரியாது. முழுசாக அழித்துப் புதிதாகப் போடுங்கள். பிராண்டட் கணினி என்றால் மைக்ரோசாப்ட் தளத்திலிருந்தே விண்டோஸை இறக்கி, வாங்கியபோது இருந்த அதே எடிஷனைப் போட்டால், பயாஸில் உள்ள சாவி தானே ஏறிக்கொள்ளும், காசு செலவில்லை. அசெம்பிள் கணினிக்குச் சாவி வாங்க வேண்டும். இணையத்தில் சில நூறு ரூபாய்க்கு விற்கும் சாவிகள் பெரும்பாலும் ஏதோ ஒரு நிறுவனம் தன் பல கணினிகளுக்குச் சேர்த்து வாங்கிய வால்யூம் சாவியிலிருந்து கசிந்தவை. சில மாதத்தில் முடக்கப்படும், விற்றவரைக் காண முடியாது. விண்டோஸ் 10க்கான ஆதரவு 2025 அக்டோபர் 14இல் முடிந்துவிட்டது என்பதையும் சேர்த்து யோசித்தால், மனு டைப் செய்வதற்கும் பிரிண்ட் போடுவதற்கும் மட்டும் இருக்கும் பழைய கணினியை லினக்ஸுக்கு மாற்றுவது சரியான முடிவு.

ஆபீஸ் வேலைக்கு லிப்ரெஆபீஸ் முதல் வாரத்திலேயே கைக்கு வந்துவிடும். பக்க வடிவமைப்புக்கு ஸ்கிரைபஸ் 1.6. இதற்கு முந்தைய 1.4 வரிசையில் தமிழ் உடைந்தது, அதைப் பார்த்துவிட்டு விட்டவர்கள் மறுபடி முயலலாம். கோரல்டிரா இடத்தில் இங்க்ஸ்கேப் தமிழை நன்றாகக் காட்டும். ஆனால் ஆஃப்செட் தட்டுக்குத் தேவையான நான்கு வண்ணப் பிரிப்பு அதில் இல்லை, அதை ஸ்கிரைபஸுக்குள் கொண்டுபோய்த்தான் பிடிஎஃப் எடுக்க வேண்டும். இது உண்மையான குறை, மறைக்க வேண்டியதில்லை. எழுத்துருவுக்குக் காப்பி தேவையே இல்லை. நோட்டோ, காட்டமரான், முக்த மலர், மீரா இனிமை, பலூ தம்பி எல்லாம் தொழிலுக்கும் பயன்படுத்த அனுமதிக்கும் உரிமத்தில் கிடைக்கின்றன. தமிழ் இணையக் கல்விக்கழகமும் இலவச எழுத்துருக்கள் வைத்திருக்கிறது.

கடினமான பகுதி இருபது வருடப் பழைய கோப்புகள். எல்லா மொழி எழுத்துக்கும் தனித்தனி எண் தரும் பொதுக் குறியீடான யூனிகோடு பேஜ்மேக்கருக்குத் தெரியாது. பாமினி எழுத்துருவில் திரையில் 'அம்மா' என்று தெரிவது கணினிக்கு எம், கே, அரைப்புள்ளி, கே, எச் என்ற ஐந்து ஆங்கிலக் குறிகள். எழுத்துரு இல்லாவிட்டால் அந்தச் சொல் இல்லை. தேடினால் கிடைக்காது, கைப்பேசியில் படிக்க முடியாது, மொழிபெயர்க்க முடியாது. பேஜ்மேக்கர் கோப்புகளை லிப்ரெஆபீஸ் டிராவில் திறந்து எழுத்தை வெளியே எடுக்கலாம். எடுத்ததை யூனிகோடுக்கு மாற்றும் கருவிக்கு அனுப்பும் முன், எந்த எழுத்துரு என்று பெயரைப் பார்த்துக்கொள்ள வேண்டும், ஏனென்றால் ஒவ்வொன்றுக்கும் குறியீடு வேறு.

மாற்றிய பிறகு மூன்று இடத்தைச் சோதியுங்கள். பழைய தட்டச்சுப் பழக்கத்தில் 'ர்' எழுத, காலைப் போட்டு மேலே புள்ளி வைத்திருப்பார்கள். அது யூனிகோடில் 'அவா்' என்று வரும். கண்ணுக்கு 'அவர்' போலவே தெரியும், தேடினால் சிக்காது. தமிழில் துணைக்காலுக்கு மேல் புள்ளி வருவதே இல்லை என்பதால் இதை மொத்தமாக 'ர்' என்று மாற்றிவிடலாம். 'ரி', 'ரீ' இரண்டுக்கும் இதே கோளாறு, இதே மருந்து. மூன்றாவது ஔகாரம். திருவண்ணாமலை கிரிவல நோட்டீஸ்களில் 'பௌர்ணமி' என்பதை ஒற்றைக் கொம்பும் பகரமும் தனி ளகரமுமாக, 'பெளர்ணமி' என்று அடித்திருப்பார்கள். இதை மொத்தமாக மாற்றக் கூடாது. கெளுத்தி மீனில் இருப்பது உண்மையான ளகரம். ஒவ்வொரு சொல்லாகப் பார்த்து, ஆமா இல்லையா என்று சொல்லித்தான் மாற்ற வேண்டும்.